சூடான பேக்கன் டிரஸ்ஸிங்: கீரை மேல் கொழுப்பு ஏன் உறைகிறது?

பென்சில்வேனியாவில் லாங்காஸ்டர் பக்கம் குடியிருக்கும் ஒரு வாசகி எழுதியிருக்கிறார். பக்கத்து வீட்டு அம்மா கீரை மேல் சூடாக ஊற்றிக் கொடுத்த பேக்கன் (உப்பிட்டுப் புகையூட்டிய பன்றி இறைச்சி) டிரஸ்ஸிங் இனிப்பும் புளிப்புமாக, கொஞ்சம் கெட்டியாக இருந்ததாம். பிடித்துப்போய் வீட்டில் செய்து பார்த்தால் எண்ணெய் மேலேயும் வினிகர் கீழேயுமாகப் பிரிந்து நிற்கிறது, மேசைக்குக் கொண்டு வருவதற்குள் இலைகளில் வெள்ளை வெள்ளையாகக் கொழுப்பு ஒட்டிக்கொள்கிறது. எங்கே தவறு, எந்த வினிகர் நல்லது, ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுவரும் பாட்லக் விருந்துக்கு முன்கூட்டியே செய்து எடுத்துப்போகலாமா, பன்றி இறைச்சி சாப்பிடாதவர்களுக்கு என்ன செய்வது என்று கேட்கிறார்.

முதலில் ஒன்றைப் பிரித்துச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கிறது. நீங்கள் சாப்பிட்டதும் நீங்கள் செய்ததும் ஒரே டிரஸ்ஸிங் இல்லை. ஸ்டேக் உணவகங்களில் காளானும் அவித்த முட்டையும் போட்டு வரும் பாலக்கீரை சாலட்டுக்கு ஊற்றுவது பேக்கன் கொழுப்பும் வினிகரும் சேர்த்து அடித்த நீர்த்த டிரஸ்ஸிங். உங்கள் ஊரில் பென்சில்வேனியா டச்சுக்காரர்கள் செய்வது வேறு. ஜெர்மன் பேசும் பகுதிகளிலிருந்து முக்கியமாக 18-ம் நூற்றாண்டில் வந்து குடியேறியவர்களின் வழிவந்த வீட்டுச் சமையல் அது. முட்டையும் சோளமாவும் (கார்ன்ஸ்டார்ச்) சர்க்கரையும் போட்டுக் காய்ச்சி எடுப்பார்கள், அந்தக் கெட்டித்தன்மை மாவிலிருந்தும் முட்டையிலிருந்தும் வருவது. இரண்டுக்கும் செய்முறை தருகிறேன், ஆனால் இரண்டிலுமே சூடுதான் முக்கியம். அளவு முன்னே பின்னே இருந்தாலும் சமாளித்துவிடலாம், சூடு தப்பினால் முடியாது.

பேக்கன் கொழுப்பில் சுமார் 40 சதவீதம் நிறைவுற்ற கொழுப்பு. அதனால் கடலை எண்ணெய், ஆலிவ் எண்ணெய் மாதிரி அறை வெப்பத்தில் அது திரவமாக நிற்காது, ஆறினால் இறுகிவிடும். நீங்கள் ஃப்ரிட்ஜிலிருந்து அப்போதுதான் எடுத்த கீரையை, அதுவும் கண்ணாடியோ பீங்கானோ ஆன ஒரு குளிர்ந்த கிண்ணத்தில் போட்டு, அதன் மேல் மூன்று நான்கு கரண்டி கொழுப்பை ஊற்றினால் அவ்வளவு கொஞ்சச் சூட்டை அந்த இலைகளும் கிண்ணமும் சில நொடிகளில் உறிஞ்சிவிடும். வெள்ளையாக ஒட்டியது அதனால்தான். எனவே கீரையை அரை மணி நேரம் முன்னதாகவே வெளியே எடுத்து வையுங்கள். கிண்ணத்தில் சுடுதண்ணீர் ஊற்றி இரண்டு நிமிடம் விட்டு, கொட்டிவிட்டு, நன்றாகத் துடைத்த பிறகு கீரையைப் போடுங்கள். கீரையும் ஈரமில்லாமல் இருக்க வேண்டும். ஈர இலையில் எண்ணெய் பிடிக்காது, வழுக்கிக்கொண்டு அடியில் போய்த் தேங்கும், அப்புறம் டிரஸ்ஸிங் பிரிந்துவிட்டது என்று அதன் மேல் பழி போடுவோம். சாலட் ஸ்பின்னர் இருந்தால் சுற்றி எடுங்கள், இல்லையென்றால் சுத்தமான துண்டில் பரப்பி உலர விடுங்கள்.

இன்னொரு வழியும் இருக்கிறது, பலர் இதைச் செய்வதில்லை. மூன்று மேசைக்கரண்டி கொழுப்பு வேண்டும் என்றால் இரண்டு மட்டும் பேக்கனிலிருந்து எடுத்துக்கொண்டு, மூன்றாவதற்கு ஆலிவ் எண்ணெயோ வாசனையில்லாத ஏதாவது சமையல் எண்ணெயோ சேருங்கள். பேக்கன் சுவை குறைந்த மாதிரியே தெரியாது, உறைவது கண்கூடாகக் குறையும். மெதுவாகப் பேசிக்கொண்டே சாப்பிடுகிற வீடுகளுக்கு இதைத்தான் நான் சிபாரிசு செய்வேன்.

இப்போது எளிய முறை. நாலு பேருக்கு 225 கிராம் கீரை, தடிமனான பேக்கன் 5 துண்டு. பேக்கனை விரலகலத்துக்கு நறுக்கி, குளிர்ந்த வாணலியில் போட்டு, அதற்கு அப்புறம் அடுப்பைப் பற்றவையுங்கள். காய்ந்த வாணலியில் போட்டால் வெளிப்பக்கம் சட்டென்று கருகும், உள்ளே இருக்கும் கொழுப்பு உருகி வெளியே வர நேரமே கிடைக்காது. மிதமான தீயைவிடக் குறைவாக வைத்து, அவ்வப்போது கிளறி, பத்துப் பன்னிரண்டு நிமிடம் பொறுமையாக விடுங்கள். மேப்பிள் சேர்த்த இனிப்பு பேக்கன் வாங்கியிருந்தால் இன்னும் கவனம் வேண்டும், அதிலுள்ள சர்க்கரை சீக்கிரம் கருகிக் கசப்பேறும், அந்தக் கசப்பு கொழுப்பிலும் இறங்கிவிடும். துண்டுகள் மொறுமொறுப்பானதும் அரித்து எடுத்துக் காகிதத்தில் போடுங்கள்.

அடுத்து கொழுப்பை அளக்க வேண்டும். கண்ணளவில் விட்டுவிடாதீர்கள், ஒரு பிராண்டில் ஒழுகுகிற கொழுப்பு இன்னொன்றில் பாதிகூட வராது, டிரஸ்ஸிங் ஒரு நாள் நன்றாகவும் ஒரு நாள் சப்பென்றும் வருவதற்கு இதுவே பெரிய காரணம். எவர்சில்வர் டம்ளரில் வடித்து, மேலே சொன்ன கணக்குப்படி மூன்று மேசைக்கரண்டி மட்டும் வாணலிக்குத் திரும்ப ஊற்றுங்கள். மிச்சத்தை ஃப்ரிட்ஜில் வைத்து உருளைக்கிழங்கு வறுக்கப் பயன்படுத்தலாம். தொட்டியில் மட்டும் கொட்டிவிட வேண்டாம், குழாய்க்குள் உறைந்து அடைத்துக்கொள்ளும். வாணலியின் அடியில் பழுப்பாக ஒட்டியிருப்பதையும் கழுவிவிடாதீர்கள், சுவையில் பாதி அதில்தான் இருக்கிறது.

அந்தக் கொழுப்பில் பொடியாக நறுக்கிய ஒரு ஷாலட்டைப் போட்டு ஒன்றிரண்டு நிமிடம் வதக்குங்கள். இந்தியக் கடையில் கிடைக்கும் நம் சின்ன வெங்காயம் நாலைந்து போட்டாலும் அருமையாக இருக்கும். பிறகு அடுப்பை அணைத்து, வாணலியை இறக்கி, அரை நிமிடம் பொறுங்கள். இந்த இடைவெளியை விட்டுவிட்டு வினிகரை அப்படியே ஊற்றினால் கொழுப்பு தெறிக்கும், எழும்புகிற ஆவி மூக்கிலும் தொண்டையிலும் ஏறி இருமல் வரும். முகத்தைத் தள்ளி வைத்துக்கொண்டு இரண்டு மேசைக்கரண்டி வினிகர், இரண்டு தேக்கரண்டி சர்க்கரை, ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் சேர்த்து, மரக்கரண்டியால் அடியைச் சுரண்டிக் கரையுங்கள். அதற்குப் பின் ஒரு தேக்கரண்டி டிஜான் மஸ்டர்டைப் போட்டு விஸ்கால் நன்றாக அடியுங்கள்.

உங்கள் டிரஸ்ஸிங் பிரிந்ததற்கு விடை அந்த ஒரு தேக்கரண்டி மஸ்டர்டில் இருக்கிறது. எண்ணெயும் வினிகரும் தாமாகச் சேராது, எவ்வளவு அடித்தாலும் ஒரு நிமிடத்தில் விலகிவிடும். அரைத்த கடுகில் இருக்கும் பசைத்தன்மையும் புரதமும் எண்ணெய்த் துளிகளைச் சுற்றிக்கொண்டு அவை மறுபடி ஒன்றுகூடாமல் தடுக்கின்றன. வெறும் கடுகுப் பொடியிலும் இது நடக்கும், கொஞ்சம் காரமாக இருக்கும், அரை தேக்கரண்டி போதும். அதிகச் சூடும் பிரிய வைக்கும், அதனால் மஸ்டர்ட் போட்ட பிறகு கொதிக்க விடக் கூடாது, ஆவி பறந்தால் போதும். பிரிந்துவிட்டதா, ஒரு தேக்கரண்டி வெந்நீர் விட்டு வேகமாக அடியுங்கள், பெரும்பாலும் சேர்ந்துவிடும்.

உப்பைக் கடைசி வரை தொடாதீர்கள், பேக்கனே போதிய உப்போடுதான் வருகிறது. ருசி பார்க்கக் கரண்டியை நக்க வேண்டாம், ஒரு இலையைத் தோய்த்துச் சாப்பிட்டுப் பாருங்கள். கரண்டியில் கண்ணைச் சுருக்க வைக்கிற புளிப்பு இலையோடு சேரும்போது சரியாக அமரும். சாதாரண சாலட்டுக்கு மூன்று பங்கு எண்ணெய்க்கு ஒரு பங்கு வினிகர் என்பார்கள், இங்கே மூன்றுக்கு இரண்டு வைக்கக் காரணம் கொழுப்பும் உப்பும் புகைமணமும் வாயில் கனமாக உட்கார்ந்துகொள்வது, அதை வெட்ட அந்த அளவு புளிப்பு வேண்டும். மிளகை இடித்துத் தூவி, கீரை மேல் ஊற்றி, இடுக்கியால் அடியிலிருந்து புரட்டி, பேக்கன் துண்டுகளைப் போட்டு உடனே பரிமாறுங்கள். எல்லோரும் மேசையில் உட்கார்ந்த பிறகு ஊற்றுங்கள்.

வினிகர் பற்றிக் கேட்டீர்கள். ஆப்பிள் சைடர் வினிகர்தான் என் முதல் தேர்வு, பழ மணம் பன்றி இறைச்சிக்கு நன்றாகச் சேரும், உங்கள் ஊர்ப் பழக்கமும் அதுதான். ரெட் ஒயின் வினிகரும் ஷெர்ரி வினிகரும் நன்று. வெள்ளை வினிகர் வேண்டாம், வெறும் புளிப்பு மட்டும் தரும். பால்சாமிக் ஊற்றினால் எல்லாம் கறுத்து, பேக்கன் மணமே அமுங்கிவிடும்.

கீரையைப் பொறுத்தவரை பாக்கெட்டில் வரும் பேபி ஸ்பினாச் இந்தச் சூட்டுக்கு நிற்காது, ஒரு நிமிடத்தில் துவண்டு குழைந்துவிடும். முற்றிய, சுருட்டை இலைப் பாலக்கீரை தாங்கும். அதைவிட நன்றாகத் தாங்குவது கசப்புக் கீரைகள்: எஸ்கரோல், எண்டைவ், ஃப்ரிஸே. பிரான்ஸில் லியோன் நகரத்துக்காரர்கள் ஃப்ரிஸேயைத்தான் இப்படிச் செய்து மேலே ஒரு போச்டு முட்டை (ஓட்டை உடைத்து வெந்நீரில் வேகவைத்தது) வைக்கிறார்கள். முட்டையை உடைத்ததும் மஞ்சள் கரு வழிந்து டிரஸ்ஸிங்கோடு கலந்து அதைக் கெட்டியாக்கும்.

சரி, உங்கள் பக்கத்து வீட்டு அம்மாவின் டிரஸ்ஸிங்குக்கு வருவோம். பென்சில்வேனியா டச்சு வீடுகளில் ஈஸ்டருக்கு முந்தைய பெரிய வியாழன் அன்று டான்டிலயன் என்ற மஞ்சள் பூச் செடியின் இலையைப் பறித்து அதன் மேல் இதைச் சூடாக ஊற்றிச் சாப்பிடும் வழக்கம் உண்டு. பூ விடுவதற்கு முன் இளசாகப் பறிப்பார்கள், பூத்த பிறகு கசப்பு ஏறிவிடும். நீங்களும் பறிக்க ஆசைப்பட்டால் களைக்கொல்லி அடித்த புல்வெளிப் பக்கமே போகாதீர்கள், கடையிலும் கிடைக்கும்.

ஆறு துண்டு பேக்கனை முன்போலவே வறுத்து எடுத்து, இரண்டு மூன்று மேசைக்கரண்டி கொழுப்பை மட்டும் பாத்திரத்தில் வையுங்கள். இதற்கு எவர்சில்வர் பாத்திரம்தான் எடுக்க வேண்டும். நான் முதலில் சொன்ன முறையில் வினிகர் வாணலியில் ஒரு நிமிடம்தான் இருக்கும், இரும்பு வாணலி என்றாலும் பரவாயில்லை, ஆனால் இதில் புளிப்பு இரும்போடு சேர்ந்து கொதிக்கும், உலோக வாடையும் மங்கிய நிறமும் வந்துவிடும். தனிக் கிண்ணத்தில் கால் கப் சர்க்கரை, ஒரு மேசைக்கரண்டி சோளமாவு, அரை தேக்கரண்டி உப்பு மூன்றையும் உலர்வாகவே கலந்துகொள்ளுங்கள், சர்க்கரையோடு கலந்துவிட்டால் மாவு பிறகு கட்டி தட்டாது. அதில் ஒரு முட்டையை உடைத்து அடித்து, கால் கப் சைடர் வினிகரும் ஒரு கப் தண்ணீரும் சிறிது சிறிதாக ஊற்றிக் கரையுங்கள். அங்கே அரை கப் சர்க்கரை போடுகிற வீடுகளும் உண்டு, கால் கப்பில் தொடங்கிப் போதாவிட்டால் கூட்டுங்கள்.

கொழுப்பு மிதச் சூட்டுக்கு இறங்கிய பிறகு கரைசலை ஊற்றி, சிறு தீயில் கை எடுக்காமல் கிளறுங்கள். முட்டை திரிந்துவிடுமோ என்று பயந்து பாதியில் இறக்கிவிடுகிறவர்கள் நிறைய, அப்படி இறக்கினால் பச்சை மாவு வாடை அடிக்கும், கெட்டியாகவும் ஆகாது. மாவு சேர்ந்திருப்பதால் முட்டை அவ்வளவு சுலபத்தில் திரியாது, குமிழ் விடும் வரை தைரியமாகக் காய்ச்சலாம், முட்டையும் முழுதாக வெந்துவிடும். கரண்டியின் பின்பக்கத்தில் படிந்து நிற்கிற பதம் வந்ததும் இறக்கிவிடுங்கள். அதற்கு மேல் நெடுநேரம் கொதிக்கவிட்டால் வினிகரின் அமிலம் மாவின் பிடிப்பை உடைத்து மறுபடி நீர்க்கச் செய்துவிடும். எட்டுப் பேருக்குத் தாராளமாகப் போதும்.

பாட்லக்குக்கு எடுத்துப்போக வேண்டியதும் இதுதான். முதல் முறையை முன்கூட்டிச் செய்வதில் பிரயோஜனமில்லை, இது மாவின் பலத்தில் பிரியாமல் நிற்கும். கொதிநீர் ஊற்றிச் சூடாக்கிய அகலவாய் ஃப்ளாஸ்கில் கொதிக்கக் கொதிக்க ஊற்றி மூடுங்கள். கீரை தனி டப்பாவில், பேக்கன் துண்டுகள் தனியாக, இல்லாவிட்டால் அவை ஊறிச் சவசவ என்று ஆகிவிடும். போன இடத்தில் கலந்துகொள்ளுங்கள். முந்தின நாளே செய்தால் ஃப்ரிட்ஜில் வைத்து, மறுநாள் அடுப்பில் கிளறிக் குமிழ் வரும் வரை சூடாக்குங்கள். முட்டை சேர்ந்தது, அறை வெப்பத்தில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்கக் கூடாது, ஃப்ரிட்ஜில் மூன்று நாள் வரை இருக்கும். மிஞ்சினால் அவித்த உருளைக்கிழங்கைச் சூட்டோடு வெட்டி அதில் புரட்டுங்கள், கீரையைவிட இதற்காகவே செய்யலாம் என்று தோன்றும். கீரையில் கலந்துவிட்ட மிச்சத்தை வைத்திருக்க வேண்டாம்.

பன்றி சாப்பிடாத விருந்தினருக்கு டர்க்கி பேக்கனோ பீஃப் பேக்கனோ வாங்கலாம், ஹலால் வேண்டுமென்றால் முத்திரை பார்த்து வாங்குங்கள். டர்க்கி பேக்கனில் உருகி வரக் கொழுப்பு அநேகமாக இருக்காது, வாணலியில் மூன்று மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெய் விட்டு அதில் வறுத்து, அந்த எண்ணெயிலேயே மீதியைச் செய்யுங்கள், இது உறையவும் உறையாது. சைவர்களுக்குக் காளானை மெல்லியதாக அரிந்து எண்ணெயில் மொறுமொறுவென்று வறுத்து, தீயை அணைத்த பிறகு அரை தேக்கரண்டி ஸ்மோக்டு பாப்ரிகாவும் சில துளி சோயா சாஸும் சேருங்கள், புகைமணமும் உப்பும் கிடைத்துவிடும். எதைச் செய்தாலும் வாணலி, கரண்டி, பரிமாறும் கிண்ணம் எல்லாம் தனியாக வைத்து, எது எது என்று சீட்டு எழுதி ஒட்டிவிடுங்கள், விருந்தில் கரண்டிகள் மாறிப்போவது சகஜம்.