நைஸாக ஒரு திருத்தம்

கேள்வி: 'நைஸ்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு 'நல்ல, இனிய' என்று பொருள். நம்மவர்களோ 'நைஸாக நழுவினான்', 'மாமியாரை நைஸ் பண்ணுகிறாள்' என்கிறார்கள். உங்கள் சமையல் பக்கத்தில் உளுந்தைக்கூட 'நைஸாக அரைக்கவும்' என்று போட்டிருக்கிறீர்கள். ஒரு சொல்லை அதன் மூலப் பொருளில் எழுதினால் என்ன?
– ஓய்வு பெற்ற ஆங்கில ஆசிரியர், கரூர்

பதில்: எழுதலாம். ஆனால் அப்புறம் நீங்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது. மூலப் பொருளில் உங்களை 'நைஸான மனிதர்' என்றால், 'ஒன்றும் தெரியாதவர்' என்றாகிவிடும்.

இந்தச் சொல்லின் தாய்வீடு லத்தீன். 'நெ' என்றால் இல்லை. 'ஸ்கிரெ' என்றால் அறிதல். இரண்டும் சேர்ந்து 'நெஸ்கியுஸ்', அதாவது அறியாதவன். ('சயின்ஸ்' பிறந்ததும் இதே 'ஸ்கிரெ'யில்தான். ஒரே வீட்டில் ஒரு பிள்ளை விஞ்ஞானி, இன்னொன்று மண்டு!) பழைய பிரெஞ்சு வழியாக 1300 வாக்கில் இங்கிலாந்துக்குள் வந்தபோது 'மடத்தனமான' என்றுதான் பொருள். அதன்பின் ஒழுக்கம் தளர்ந்த, கூச்ச சுபாவமுள்ள, எதிலும் நொட்டை சொல்கிற, நுட்பமான என்று அது போடாத வேஷம் இல்லை. நீங்கள் சொல்லும் 'இனிய' 18-ஆம் நூற்றாண்டில் வந்து ஒட்டிக்கொண்டது. உங்கள் விதிப்படி பார்த்தால் 'சில்லி' என்று திட்டுவதும் ஆசீர்வாதம்தான். பழைய ஆங்கிலத்தில் அதன் மூதாதைச் சொல்லுக்குப் 'பேறு பெற்ற' என்று பொருள்.

உங்களுக்கு முன்பே உங்கள் கட்சியில் ஒருவர் இருந்திருக்கிறார். 1817 கடைசியில் வெளியான ஜேன் ஆஸ்டினின் 'நார்த்தாங்கர் அபி' நாவலில் ஹென்றி டில்னி என்ற இளைஞர், 'நைஸான புத்தகம்' என்று சொன்ன கதாநாயகியைக் கேலி செய்கிறார்: நாளும் நைஸ், நடையும் நைஸ், நீங்களும் நைஸ்! ஆதியில் சுத்தம், நாசூக்கு போன்றவற்றைச் சொல்லத்தான் இது இருந்திருக்கும் என்று பாடம் வேறு எடுக்கிறார். ஆதியைத் தேடிப் புறப்பட்டவர் பாதி வழியில் இறங்கிவிட்டார். நீங்கள் அதற்கும் இரண்டு ஸ்டாப் முன்னாலேயே இறங்கிவிட்டீர்கள், சார்.

அந்த 'நுட்பமான' பொருள் ஆங்கிலத்தில் இன்னும் சாகவில்லை. நூலிழை வேறுபாட்டை 'நைஸ் டிஸ்டிங்ஷன்' என்று எழுதுவது இன்றும் உண்டு. நம் கிரைண்டரில் உளுந்து நைஸாக அரைபடுவதற்கும் இதற்கும் அதிக தூரம் இல்லை. 'நைஸாக நழுவுவதில்' இருப்பது நாசூக்கு, டில்னியே ஒப்புக்கொள்வார்.

ஆகவே சமையல் பக்கத்துக்குத் திருத்தம் போடுவதாக இல்லை. அடுத்த இதழில் சட்னி வருகிறது. அதில் கொரகொரப்பாக அரைக்கச் சொல்லியிருக்கிறோம். நீங்கள் தைரியமாகப் படிக்கலாம்.