திண்டிவனத்தில் நிற்கும் குத்துவிளக்குகள்

கேள்வி: ஐயா, சுங்கை சிப்புட்டில் பூசைச் சாமான் கடை வைத்திருக்கிறேன். தீபாவளி வியாபாரத்துக்காக என் மாமா கும்பகோணத்திலிருந்து நாச்சியார்கோவில் விளக்குகளை லோரியில் ஏற்றிச் சென்னைத் துறைமுகத்துக்கு அனுப்பினார். வழியில் லோரி பழுதாகி, இ-வே பில் (சரக்கோடு போகும் கெடு வைத்த மின்னணுச் சீட்டு) காலாவதியாகி, திண்டிவனம் பக்கம் ஜிஎஸ்டி அதிகாரிகள் பிடித்துவிட்டார்கள். வரியைப் போல இரண்டு மடங்கு அபராதமாம். 'ஐயாயிரம் ரிங்கிட் அனுப்புங்கள், கோர்ட்டில் சொல்லிச் சரக்கை மூன்றே நாளில் எடுத்துத் தருகிறேன்' என்று ஒருவர் போன் செய்கிறார். அனுப்பலாமா?
- வாசகர், சுங்கை சிப்புட்

பதில்: அனுப்பாதீர்கள். உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம் என்பது மட்டும்தான் அந்த ஆள் சொன்னதில் உண்மை, மூன்று நாள் கணக்கெல்லாம் அவர் வாய்க்கு வந்தது.

முதலில் மாமாவிடம் ஒன்று கேளுங்கள்: கையில் என்ன காகிதம் இருக்கிறது? சரக்கை நிறுத்தியதற்கு எம்ஓவி-06, நோட்டீசுக்கு எம்ஓவி-07, அபராத உத்தரவுக்கு எம்ஓவி-09 என்று தனித்தனிப் படிவங்கள் உண்டு. ஜிஎஸ்டி சட்டம் 129-வது பிரிவின்படி, பிடித்த 7 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கொடுத்த 7 நாளுக்குள் உத்தரவு. இந்தக் கெடு தவறியிருந்தால் வழக்கறிஞருக்கு அதுவே நல்ல பிடி. வாய்வார்த்தையாக 'கட்டிவிட்டு எடுத்துப் போ' என்றால் மாமா அசையக்கூடாது. பணம் கட்டிவிட்டாலும் எழுத்தில் உத்தரவு போட்டே ஆக வேண்டும் என்று 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, அது இருந்தால்தான் மூன்று மாதத்துக்குள் மேல்முறையீடு செய்ய முடியும்.

இரண்டு மடங்கு என்பது 2022 முதல் உள்ள விதிதான், அதிகாரி சும்மா சொல்லவில்லை. ஆனால் உரிமையாளர் அபராதம் கட்ட முன்வந்தால்தான் அந்தக் கணக்கு. வராவிட்டால் சரக்கின் விலையில் பாதி அல்லது வரியின் இரண்டு மடங்கு, இதில் எது அதிகமோ அது. இன்வாய்ஸ் கூடவே இருந்தால் அனுப்பியவரையோ பெறுபவரையோ உரிமையாளராக ஏற்க வேண்டும் என்று 2018 சுற்றறிக்கை இருக்கிறது, அதனால் மாமாவே நேரில் போய் நிற்கட்டும். அபராதத் தொகைக்கு பேங்க் கேரண்டி (வங்கி தரும் எழுத்து உத்தரவாதம்) கொடுத்தால் கோர்ட் வாசலை மிதிக்காமலேயே சரக்கை எடுக்கலாம். உத்தரவு கைக்கு வந்து 15 நாளில் கட்டாவிட்டால் சரக்கை விற்றுவிடுவார்கள், இதில் மட்டும் அசட்டையாக இருக்க வேண்டாம்.

கோர்ட் எப்போது? காலாவதிக்கு நியாயமான காரணம் இருக்கும்போது. ஐதராபாத்தில் ஒரு காகித வியாபாரியின் வண்டி போராட்ட நெரிசலில் சிக்கி, இ-வே பில் முடிந்துபோய்ப் பிடிபட்டது. அதிகாரி சரக்கைக் கொண்டுபோய்த் தன் உறவினர் வீட்டில் இறக்கிவைத்தாராம், என்ன தைரியம் பாருங்கள்! கட்டிய ரூ.69,000-ஐ வட்டியோடு திருப்பித் தரச் சொன்னது தெலங்கானா உயர் நீதிமன்றம். 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்து, வழக்குச் செலவுத் தொகையையும் ஏற்றிவிட்டது. உங்கள் லோரிக்கும் வழியில் பழுது, ஒர்க்‌ஷாப் ரசீதும் டிரைவர் எடுத்த படமும் இருந்தால் பத்திரப்படுத்துங்கள். காலாவதிக்கு முன்னோ பின்னோ 8 மணி நேரத்துக்குள் பில்லை நீட்டித்திருக்கலாமே என்று நீதிபதி கேட்பார், அதற்குப் பதில் தயாராக இருக்கட்டும். வரி இல்லாத ஏற்றுமதிச் சரக்கில் ஏய்க்க என்ன இருக்கிறது என்றும் வாதாடலாம். திண்டிவனம் என்பதால் உயர் நீதிமன்றத்தின் சென்னை அமர்வு, மதுரை இல்லை.

நீதிமன்றம் பெரும்பாலும் 'கேரண்டி வாங்கிக்கொண்டு விடு, விசாரணையை நடத்து' என்றுதான் சொல்லும், அபராதத்தை அப்படியே ரத்து செய்வது அபூர்வம். சில சமயம் மேல்முறையீட்டுக்குப் போ என்று திருப்பியும் அனுப்பிவிடும்.

அப்புறம், சரக்கு கிள்ளான் துறைமுகம் வந்தபின் நம் சுங்கத்துறை பறிமுதல் செய்தால் அது வேறு சட்டம்: மலேசியாவின் 1967 சுங்கச் சட்டம். வழக்குப் போடாத பட்சத்தில், பறிமுதலான நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் நீங்கள் எழுத்து மூலம் உரிமை கோராவிட்டால் சரக்கு அரசாங்கத்துக்குப் போய்விடும்.