நடை சாத்தும் நேரம்

வணக்கம் சார்,

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் பிரிவில் வேலை பார்க்கிறேன். அரையாண்டு லீவில் குடும்பத்தோடு தஞ்சாவூர் பக்கம் வரலாம் என்றிருக்கிறோம். நான், மனைவி, எட்டாவது படிக்கும் மகள், 67 வயதில் அம்மா. மூன்று நாள், கையில் 15,000 ரூபாய். மகளுக்கு, நிழல் தரையில் விழாத பெரிய கோவில் கோபுரத்தைப் பார்க்க வேண்டும். அம்மாவுக்குக் கடல் பார்க்க வேண்டும், பார்த்து முப்பது வருஷம் ஆகிறது. நான் போட்ட பட்டியல்: பெரிய கோவில், அரண்மனை, தாராசுரம், கங்கைகொண்ட சோழபுரம், திருவாரூர், பூம்புகார், தரங்கம்பாடி, நாகூர், வேளாங்கண்ணி, கோடியக்கரை, மனோரா. டிராவல்ஸில் கேட்டால் காருக்கே 18,000 சொல்கிறார்கள். பஸ்ஸிலேயே முடியுமா? எதை விடலாம்? நீங்கள் கும்பகோணத்துக்காரர் என்பதால் கேட்கிறேன். பெயர் போட வேண்டாம்.

அன்புடன்,
ஒரு வாசகர், திருப்பூர்

*

அன்புள்ள நண்பருக்கு,

பஸ்ஸிலும் ரயிலிலும் தாராளமாக முடியும். ஆனால் பதினோரு இடம் முடியாது. கார் வைத்தாலும் முடியாது. அதற்குக் காரணம் தூரம்கூட இல்லை, மதியம்தான்.

எங்கள் பக்கத்துக் கோவில்கள் பன்னிரண்டு, பன்னிரண்டரைக்கு நடை சாத்தினால் நாலு மணிக்குத்தான் திறக்கும். வெளியூர்க்காரர்கள் திட்டம் போடும்போது இந்த மூன்றரை மணி நேரம் மட்டும் கணக்கில் வருவதே இல்லை. சில வருஷம் முன்னால் சென்னையிலிருந்து வந்த என் மச்சினர் குடும்பத்துக்கு நானே வேன் பிடித்துக் கொடுத்தேன். ஒரே நாளில் ஆறு கோவில் என்று ஏற்பாடு. மூன்றாவதாகத் தாராசுரம் போய் இறங்கும்போது மணி பன்னிரண்டு பத்து, கதவு சாத்தியாகிவிட்டது. பதினோரு பேரும் வேனுக்குள் ஏசியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். சாயங்காலம் டிரைவர் வெயிட்டிங் சார்ஜ் என்று தனியாக ஒரு தொகை சொன்னார். அவர் மேல் தப்பில்லை. கோவில் நேரம் தெரிந்த நான்தான் சொல்லியிருக்க வேண்டும். மச்சினர் இன்றைக்கும் அதைச் சொல்லிக் காட்டுவார்.

ஆகவே மதியத்தைப் பயணத்துக்கும் சாப்பாட்டுக்கும் அம்மாவின் தூக்கத்துக்கும் ஒதுக்கிவிடுங்கள். காலையிலும் சாயங்காலத்திலும் ஒவ்வொரு இடம், அவ்வளவுதான். அப்புறம், போன வழியே திரும்பாதீர்கள். தஞ்சாவூரில் இறங்கி ஆறு போகிற பக்கமே கிழக்கே போய், கடலைப் பார்த்துவிட்டு மயிலாடுதுறையில் ரயில் ஏறிவிடுங்கள். காரில் போனால் வண்டி விட்ட இடத்துக்கே திரும்பி வரவேண்டும். பஸ்ஸில் போகிறவருக்கு அந்தத் தொல்லை கிடையாது.

உங்களுக்கு ரயிலும் தோதாக இருக்கிறது. கோவை - மயிலாடுதுறை ஜன் சதாப்தி திருப்பூரில் நின்று, தஞ்சாவூர், கும்பகோணம் வழியாகத்தான் போகிறது. செவ்வாய்க்கிழமை மட்டும் ஓடாது. காலையில் ஏறினால் மதியம் தஞ்சாவூர், அதாவது கோவில் நடை சாத்துகிற சமயம். அறை எடுத்து, சாப்பிட்டு, படுத்து எழுந்தால் சரியாக இருக்கும். 60 நாள் முன்னால் முன்பதிவு திறக்கும். லீவு நாளாகையால் போகவும் வரவும் அந்தந்த முன்பதிவு திறக்கிற அன்றைக்கே எடுத்துவிடுங்கள். தஞ்சாவூர் ஸ்டேஷனிலிருந்து பழைய பஸ் ஸ்டாண்டு வரை காந்திஜி சாலையில் சாதாரண லாட்ஜுகள் நிறைய உண்டு. பெரிய கோவிலும் அங்கிருந்து பக்கம். புதிய பஸ் ஸ்டாண்டு பக்கம் அறை போடாதீர்கள். ஒவ்வொரு தடவையும் ஆட்டோவுக்கு அழ வேண்டியிருக்கும்.

பெரிய கோவிலுக்கு நாலரைக்குப் போங்கள். நிழல் விஷயத்தை மகளே பார்த்துத் தெரிந்துகொள்ளட்டும். மார்கழியில் சூரியன் தெற்கே சாய்ந்திருக்கும். அந்த நேரத்தில் விமானத்தின் நிழல் வடகிழக்காக, தரையில்தான், நீளமாகக் கிடக்கும். அதன் மேலேயே நடந்து போகலாம். (கோபுரம் என்று எழுதியிருக்கிறீர்கள். வாசலில் இருப்பவைதான் கோபுரம். கருவறைக்கு மேல் 216 அடிக்கு நிற்பது விமானம். இதையும் மகளிடம் சொல்லிவிடுங்கள், பரீட்சைக்கு ஆகும்.)

நிழலைப் பார்த்தபின் விமானத்தின் அடிப்பகுதிக்கு வாருங்கள். சுற்றிலும் கல்லில் வரிவரியாக எழுத்து. தானும் தன் அக்காவும் தன் பெண்டுகளும் மற்றவர்களும் கொடுத்ததையெல்லாம் கல்லிலே வெட்டச் சொன்னான் ராஜராஜன். 1010இல் முடிந்த கோவிலின் கணக்குப் புத்தகம் அது. ஒரு விளக்கு அணையாமல் எரிய 96 ஆடு. அந்த ஆடுகளை வாங்கிக்கொண்ட இடையர் நாளொன்றுக்கு ஒரு உழக்கு நெய் அளக்க வேண்டும். கோவிலில் ஆட ஊர் ஊராகக் கொண்டுவந்து குடியமர்த்திய 400 தளிச்சேரிப் பெண்டுகளுக்கும் எந்தத் தெரு, எத்தனையாவது வீடு, என்ன பெயர் என்று எழுதி வைத்திருக்கிறான். பழைய எழுத்துதான், ஆனாலும் உற்றுப் பார்த்தால் ‘ட’, ‘ப’, ‘ம’ மாதிரி சிலது பிடிபடும். பத்து எழுத்து கண்டுபிடித்தால் ஐஸ்கிரீம் என்று பந்தயம் கட்டுங்கள், ஒரு மணி நேரம் போவதே தெரியாது. இதற்கெல்லாம் நுழைவுக் கட்டணம் கிடையாது.

அரண்மனைக் கலைக்கூடத்தில் சோழர் காலச் செப்புத் திருமேனிகள் இருக்கின்றன. அம்மா தூங்கும் நேரத்தில் நீங்கள் மூவர் மட்டும் போய்வரலாம். மதியம் இடையில் மூடுவதும் உண்டு, விசாரித்துக்கொண்டு கிளம்புங்கள்.

இரண்டாம் நாள் விடிந்ததும் கும்பகோணம் பஸ். பைபாஸில் போகாமல் பாபநாசம் வழியாகப் போகிற வண்டிதானா என்று கேட்டு ஏறினால் தாராசுரத்திலேயே இறங்கிக்கொள்ளலாம். சம்பா கதிர் வாங்கும் நேரம், ஜன்னல் பக்கத்தை அம்மாவுக்குக் கொடுங்கள். தாராசுரம் அளவில் சின்னது, எல்லாம் கண் உயரத்தில் இருக்கும். பெரிய கோவிலை அண்ணாந்து பார்க்க வேண்டும், இதைக் குனிந்து பார்க்க வேண்டும். அறுபத்துமூவர் கதைகள் ஒரு சாண் உயரத்தில் வரிசையாக ஓடும். யானையும் காளையும் ஒரே தலையோடு நிற்கும் சிற்பத்தை மகளையே தேடச் சொல்லுங்கள். கங்கைகொண்ட சோழபுரத்தை நான் அடித்துவிட்டேன். எனக்கு மிகப் பிடித்த கோவில், அதனால்தான் அவசரத்தில் பார்க்க வேண்டாம் என்கிறேன்.

தாராசுரத்திலிருந்து கும்பகோணத்துக்கு டவுன் பஸ். சாதாரணக் கட்டண டவுன் பஸ்ஸில் 2021இலிருந்து பெண்களுக்கு இலவசம். நாலு பேரில் உங்களுக்கு மட்டும்தான் டிக்கெட். மெஸ் எதிலாவது கடப்பா இருந்தால் விடாதீர்கள். பாசிப்பருப்பும் உருளைக்கிழங்கும், தேங்காய், சோம்பு அரைத்துவிட்டு, இட்லிக்கு ஊற்றிக்கொள்வது. எல்லாக் கடையிலும் எல்லா நாளும் இருக்காது. காபியை ஊருக்குள் குடியுங்கள். ஹைவே ஓரம் பித்தளை டபராவில் தருகிற டிகிரி காபியில் டபரா மட்டும்தான் கும்பகோணம்.

மதிய வெயிலில் மயிலாடுதுறை போய் அங்கே அறை எடுங்கள். தரங்கம்பாடியில் தங்குவதைவிடக் கைக்கு அடக்கம். சாயங்காலம் அம்மாவுக்குத் தெம்பிருந்தால் பூம்புகார். காவிரி கடலில் சேருகிற இடத்தைப் பார்த்துவிட்டு ‘இதுவா?’ என்று கேட்காத விருந்தாளி எனக்கு இதுவரை வாய்க்கவில்லை. வாய்க்கால் மாதிரி இருக்கும். முக்கொம்பில் கொள்ளிடம் பிரிகிறது, கல்லணையில் வெண்ணாறு பிரிகிறது, அப்புறம் குடமுருட்டி, அரசலாறு, வீரசோழன். வழி நெடுக வயலுக்குப் பிரித்துக் கொடுத்துவிட்டு, வெள்ளத்தையும் கொள்ளிடத்தில் தள்ளிவிட்டு, மிச்சத்தோடு வந்து சேருகிற ஆறு அது. காலையில் ஜன்னலில் பார்த்த பச்சையெல்லாம் இந்தத் தண்ணீர்தான் என்று தெரிந்தால் மகளுக்கு ஏமாற்றம் இருக்காது. உங்களுக்கு இருக்கலாம். தெம்பில்லையா, விட்டுவிடுங்கள். மறுநாள் கடல் எப்படியும் வரும்.

மூன்றாம் நாள் முதல் பஸ்ஸைப் பிடித்துத் தரங்கம்பாடி, சுமார் 30 கிலோமீட்டர். மயிலாடுதுறையிலிருந்து அங்கே ஒரு ரயில் பாதை இருந்தது, 1986இல் மூடிவிட்டார்கள். வேளாங்கண்ணி, நாகூரை விட்டு இதை ஏன் சொல்கிறேன் என்றால், தஞ்சாவூர் பார்த்தவருக்குத்தான் இந்த ஊர் முழுசாகப் புரியும். 1620இல் டேனிஷ்காரர்களுக்கு இங்கே கோட்டை கட்ட இடம் கொடுத்தவர் தஞ்சாவூர் ரகுநாத நாயக்கர். 1706இல் வந்திறங்கிய ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு தமிழ் படித்து, அச்சகம் வைத்து, 1715இல் புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சடித்தார். 1718இல் எழுந்த புதிய எருசலேம் தேவாலயத்தில்தான் அவர் கல்லறையும் இருக்கிறது. இதே ஊருக்கு 1750இல் வந்த சுவார்ட்ஸ் பாதிரியார் பின்னாளில் தஞ்சாவூர் போய் மராட்டிய மன்னர் இரண்டாம் சரபோஜியை இளம் வயதில் காத்து வளர்த்தார். பெரிய கோவிலை ஒட்டிய சிவகங்கைப் பூங்காவுக்குள் இருக்கிற தேவாலயம் அவர் பெயரில்தான். அவர் சாகக் கிடக்கும்போது சரபோஜி வந்து பார்ப்பதை வெள்ளைப் பளிங்கில் செதுக்கி அங்கே வைத்திருக்கிறார்கள். முதல் நாள் கதவு திறந்திருந்தால் எட்டிப் பார்த்துவிடுங்கள்.

கோட்டை திறக்கும்வரை அம்மாவோடு கடற்கரையில் உட்காருங்கள், சூரியன் நேரே எதிரில் எழும். பக்கத்தில் மாசிலாமணி நாதர் கோவில். முன்பக்கத்தைக் கடல் தின்றுவிட்டது, அதற்கு மேல் ஏறாமலிருக்கப் பாறாங்கல் கொட்டியிருக்கிறார்கள். அந்தக் கல்லில் பிள்ளையை ஏற விடாதீர்கள், பாசி வழுக்கும். கால் நனைப்பதோடு சரி, குளிக்க வேண்டாம். பூம்புகாரிலும் அப்படியே. 2004 டிசம்பர் 26 சுனாமி அடித்த கரை இது. அந்தத் தேதியில் நீங்கள் அங்கிருக்க நேர்ந்தால் கரையில் மெழுகுவத்தியும் பூவுமாக ஆட்கள் வருவார்கள். ஓரமாக நின்றுகொள்ளுங்கள், போட்டோ எடுக்காதீர்கள்.

ஒரு மணிக்குள் மயிலாடுதுறை திரும்பினால் சாப்பிட்டுவிட்டு நிதானமாக ரயில் ஏறலாம், இரவு திருப்பூர். நாகூர், வேளாங்கண்ணி, கோடியக்கரை மூன்றும் நாகப்பட்டினத்தை வைத்துக்கொண்டு இன்னொரு தடவை. மனோரா பட்டுக்கோட்டைப் பக்கம், அது வேறு திசை. திருவாரூருக்கு ஆழித்தேர் சமயம் வாருங்கள்.

உங்கள் 15,000த்தில் 2,000 ரூபாயைத் தொடாமல் தனியாக வையுங்கள். மார்கழி என்றாலும் வங்கக் கடலில் ஏதாவது சுழன்றால் இங்கே இரண்டு நாள் விடாமல் பெய்யும். அப்போது பஸ்ஸைப் பார்க்காமல் ஆட்டோ பிடிக்க அது ஆகும். கிளம்புவதற்கு இரண்டு நாள் முன்னால் ஒரு வரி எழுதுங்கள், இங்கே வானம் எப்படி இருக்கிறது என்று சொல்கிறேன்.

அன்புடன்