எல்லா முடிவும் நடந்தது என்றால்? வாசகர் கேள்வி, கொடைக்கானல் பதில்

(பதில் சொல்பவர்: கொடைக்கானலில் வசிக்கும் ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை)

வாசகி, வத்தலகுண்டு: கல்லூரியில் படிக்கும் என் மகன் 'எல்டர் ஸ்க்ரோல்ஸ்' என்ற கணினி விளையாட்டே கதியென்று கிடக்கிறான். அதில் 'டிராகன் பிரேக்' என்று ஒன்று வருகிறதாம். காலமே உடைந்து, ஒன்றுக்கொன்று ஒத்துவராத சம்பவங்கள் எல்லாமே நடந்துவிடுமாம். கதையில் விழுந்த ஓட்டையை அடைக்கும் வேலை என்று சொன்னேன், கோபித்துக்கொண்டான். யார் சொல்வது சரி?

ஓட்டையை அடைக்கப் பிறந்ததுதான் அது. ஆனால் அடைத்த விதத்தைப் பார்த்தால், நான் உங்கள் மகன் பக்கம்.

அந்த வரிசையில் 'டாகர்ஃபால்' 1996-இல் வந்தது. நியூமிடியம் என்ற பித்தளைப் பேருருவை இயக்கும் பொருள் ஆடுபவர் கைக்கு வரும். அதை அவர் யாரிடம் ஒப்படைக்கிறாரோ அதற்கேற்ப முடிவு மாறும். அடுத்த கதையை எழுத வேண்டுமென்றால் எது நடந்தது என்று சொல்லியாக வேண்டுமல்லவா? ஒரு முடிவை எடுத்துக்கொண்டு மற்றவற்றைத் தள்ளிவிடுவது எளிது. இவர்கள் ஒன்றையும் தள்ளவில்லை. அந்தப் பேருரு எழுந்தபோது காலம் முறிந்தது, எல்லா முடிவும் நடந்தேறியது என்று பின்னால் வந்த விளையாட்டுகளில் எழுதினார்கள். கதை நடக்கும் வளைகுடாவில் 44 சிற்றரசுகள் இருந்தன, நான்கே மிஞ்சின. ஓர்க் இனத்தாருக்கு நாடு கிடைத்தது. ஒரு சூனியக்காரன் தெய்வமானான். சாக முடியாமல் கிடந்த ஒருவனுக்குச் சாவு வாய்த்தது.

என் பேரன் இதை ஆடும்போது பக்கத்தில் உட்கார்ந்து, விளையாட்டுக்குள் வரும் குட்டிப் புத்தகங்களை நான் வாசிப்பேன். அவற்றில் இதைவிடப் பழைய முறிவு ஒன்று உண்டு. அந்த உலகில் காலத்தின் தெய்வம் அக்கதோஷ் என்ற டிராகன். எல்ஃப் இனத்தார் அதே தெய்வத்தை வேறு பெயரில் வணங்குகிறார்கள். ஒரு மடத்துத் துறவிகளுக்கு இது பொறுக்கவில்லை. தெய்வத்திடமிருந்து எல்ஃப் அம்சத்தைப் பிரித்தெடுத்துத் தூய்மையாக்கச் சடங்கு செய்தார்கள். காலம் முறிந்து 1008 ஆண்டு முறிந்தபடியே கிடந்தது.

வரலாறு கற்பித்தவளான எனக்கு நெஞ்சில் தைத்த இடம் இதுதான். ஒரு தெய்வம் எத்தனையோ மக்கள் கையால் உருவாகி வந்தது. அதில் ஒருவர் பங்கை மட்டும் உருவி எடுத்தால் காலக்கணக்கே குலைந்துபோகும் என்கிறது கதை. முருகன் கதையிலிருந்து வள்ளியை எடுத்துவிட்டுச் சொல்லிப் பாருங்கள். குறமகளோடு தினைப்புனம் போகும், பரண் போகும், நாம் நிற்கும் இந்த மலையே போய்விடும்.

அந்த 1008 என்ற கணக்கை யார் வைத்திருந்தார்கள் தெரியுமா? கஜீத் என்ற பூனை இனத்தார். மற்றவர்கள் நிழல்களோடு சண்டையிட்டுக்கொண்டிருந்தபோது, நிலவுகள் மட்டும் மாறவில்லை என்று கண்டு அவற்றையே பார்த்துக்கொண்டிருந்தோம் என்கிறார் அவர்களில் ஒருவர். பேரரசின் எழுத்தர்கள் பிறகு அந்த எண்ணைத் தங்களுடையதாக்கிக்கொண்டார்கள் என்பதும் அவர் புகார். உங்கள் மகனிடம் இந்தப் பகுதியை வாசித்துக்காட்டச் சொல்லுங்கள். சண்டை தீர்ந்துவிடும்.

வாசகர், பழனி: நம் புராணங்களில் இப்படிக் காலம் முறிந்ததுண்டா?

காலம் நீண்டதுண்டு. மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போன மன்னன் ககுத்மி, அங்கே பாட்டு முடியும்வரை காத்திருந்தான். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் ஓடிவிட்டன என்கிறது பாகவதம். அதில் காலம் உடையவில்லை.

நீங்கள் கேட்பதற்கு நெருங்கி வருவது கற்ப பேதம். கற்பம் என்பது பிரம்மாவின் ஒரு பகல், கற்பத்துக்குக் கற்பம் கதை மாறும் என்பது கருத்து. பிள்ளையாருக்கு யானைத்தலை வந்த கதையை ஒரு புராணம் சிவன் வெட்டியதால் என்கிறது, இன்னொன்று சனியின் பார்வை பட்டதால் என்கிறது. எது மெய் என்று கேட்டால் இரண்டும் மெய், வேறு வேறு கற்பத்தில் நடந்தவை என்று நம் பௌராணிகர்கள் சொல்லிவிடுவார்கள். யாருடைய கதையையும் பொய் என்று சொல்லாத அந்தப் பெருந்தன்மையை நான் மதிக்கிறேன். ஆனால் அதில் இரண்டு கதையும் ஒன்றையொன்று சந்திக்க வேண்டியதில்லை. டிராகன் முறிவில் தப்ப வழியில்லை. எல்லாம் ஒரே மண்ணில் நடந்திருக்கிறது. தோற்றவனும் வென்றவனும் மறுநாள் காலையில் ஒரே சந்தைக்கு வர வேண்டும். எனக்கு இதுதான் கனமான கதை.

மாணவி, கொடைக்கானல்: நம் மலையில் காலம் முறிந்தால் எதை வைத்துக் கண்டுபிடிப்போம், டீச்சர்?

கடிகாரத்தை நம்பாதே, கண்ணு. 1906 ஜனவரி 1-இல்தான் இந்திய நேரம் என்று ஒன்று வந்தது. அதற்குப் பிறகும் கல்கத்தா 1948 வரை தன் நேரத்தை விடவில்லை, பம்பாய் 1955 வரை. நம் கடிகாரம் 82.5 பாகைத் தீர்க்கரேகையின் கணக்கில் ஓடுகிறது. கொடைக்கானல் இருப்பது ஏறத்தாழ 77.5-இல். அதனால் இங்கே சூரியன் உச்சிக்கு வருவது சராசரியாக 12.20-க்கு.

1899-இல் தொடங்கிய நம் சூரிய ஆய்வகத்தை நம்பலாம். நூறாண்டுக்கு மேலாகச் சூரியனைப் படம் எடுத்து வைத்திருக்கிறார்கள். கரும்புள்ளிகளில் வாயு வெளிநோக்கி ஓடுவதை வானியலாளர் எவர்ஷெட் 1909-இல் கண்டுபிடித்ததும் இங்கேதான். மேகம் மூடிய நாளில் படம் இருக்காது. அந்த இடைவெளியைக் கற்பனையால் நிரப்பாமல் அப்படியே விட்டிருக்கிறார்கள் என்பதே அந்தப் பதிவின் நேர்மை.

அதற்கும் முந்தைய கணக்கு 12 ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சி. 1994, 2006, 2018, அடுத்தது 2030. இந்த மலையின் பழங்குடிகளான பளியர்கள் குறிஞ்சி பூத்ததை எண்ணியே வயது சொல்வார்கள் என்பதைக் கேட்டிருப்பாய். கஜீத்துகளின் நிலவைப் பற்றி வாசித்தபோது எனக்கு இவர்கள் நினைவுதான் வந்தது. நிலமும் பொழுதும் சேர்ந்ததே முதற்பொருள் என்கிறது தொல்காப்பியம். குறிஞ்சி நிலத்துக்குக் கூதிர் என்ற குளிர்காலமும் யாமம் என்ற நள்ளிரவும் உரியவை. அப்படியானால் நிலம் உடைந்தாலும் பொழுது உடையும்தானே? புல்வெளிகளைச் சீகையும் தைலமரமும் பைனும் மூடிய சரிவுகளில் குறிஞ்சிக்கு இடமில்லை. அங்கே 12 ஆண்டு கழிந்தது என்று சொல்ல ஒரு செடியும் கிடையாது. 2030-க்குள் உன் பள்ளிப் பிள்ளைகள் சேர்ந்து, குறிஞ்சி எஞ்சியிருக்கும் சரிவுகளைக் குறித்துவைக்க முடியுமா? இதை மனதாரக் கேட்கிறேன்.

வாசகர், பெரியகுளம்: காலம் முறிவதை வைத்து ஒரு சிறுகதை எழுதுகிறேன். என்ன கவனிக்க வேண்டும்?

விஞ்ஞான விளக்கத்துக்கு ஒரு பத்தி போதும். களத்தை மேல்மலையில் வையுங்கள், பூம்பாறையோ மன்னவனூரோ. ஒரே சர்வே எண்ணுக்கு இரண்டு பட்டா, இரண்டும் செல்லும். ஒரு வீட்டுத் திண்ணையில் பெரியவர் பூண்டு தாள் அறுத்துக்கொண்டிருக்கிறார், அடுத்த வீட்டார் அவருக்குக் கருமாதியே முடித்துவிட்டார்கள். ஊர்க்கூட்டம் கூடுகிறது. அங்கே யார் முதலில் பேசுகிறார், யாரைப் பேச விடவில்லை என்பதில் உங்கள் உழைப்பைப் போடுங்கள். எழுதி முடித்ததும் இந்தப் பகுதிக்கே அனுப்புங்கள், படித்துவிட்டு எழுதுகிறேன்.