எடிட்டிங் மேஜை: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: கதைப் படத்துக்கு எடிட்டர் வேண்டும், சரி. கதையே இல்லாத டாகுமென்டரியில் அவருக்கு என்ன வேலை? ஒட்டித் தருவதுதானே?
– வாசகர், திண்டுக்கல்

பதில்: கதை இல்லாவிட்டால்தான் ஐயா எடிட்டருக்கு விழி பிதுங்கும். ஸ்கிரிப்ட் இருந்தால் சீன் நம்பரைப் பார்த்து அடுக்கிவிட்டு வீட்டுக்குப் போகலாம். (கோடம்பாக்கத்து நண்பர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம்.) 1929-இல் வந்த ‘மேன் வித் எ மூவி கேமரா’ என்ற சோவியத் மௌனப் படத்தைப் பாருங்கள். நடிகர் இல்லை, செட் இல்லை, இடையில் எழுத்துக்கூட வராது. மாஸ்கோ, கீவ், ஒடெசா என்று பல ஊர்களில் எடுத்ததை, காலையில் கண்விழிக்கிற ஒரே நகரமாக்கியிருப்பார்கள். அப்படி ஒரு நகரம் எந்த வரைபடத்திலும் கிடையாது.

நடுவில் ஓடிக்கொண்டிருக்கும் குதிரை வண்டி சட்டென்று உறைந்து நிற்கும். நெட் போய்விட்டதோ என்று ரௌட்டரைப் பார்க்காதீர்கள். அடுத்து, ஓரத்தில் ஓட்டைகளோடு ஒரு ஃபிலிம் துண்டு. அதில் ஒரு குழந்தையின் முகம். பிறகு ஒரு பெண்மணி, அலமாரி நிறைய ஃபிலிம் சுருள்கள், கையில் கத்தரி. அவர் வேலை செய்யச் செய்ய, உறைந்த முகங்கள் அசையத் தொடங்கும். அவர்தான் எலிசவேட்டா ஸ்விலோவா. அந்தப் படத்தையே எடிட் செய்தவர்; இயக்குநர் சீகா வெர்தோவின் மனைவி.

கேள்வி: கம்ப்யூட்டர் வந்தபின் உங்கள் வேலை பாதியாகியிருக்குமே?
– வாசகர், ஆம்பூர்

பதில்: ஃபிலிமுக்குக் காசு ஆகும் என்பதால் அன்று கேமராவை நிறுத்தினார்கள். இன்று கார்டு நிறையும்வரை ஓடவிடுகிறார்கள். அத்தனை ரஷ்ஷையும் (வெட்டாமல் அப்படியே வரும் காட்சிகளை) உட்கார்ந்து பார்ப்பது யார்?

கேள்வி: என் மகள் ஆவணப்பட எடிட்டர்தான் ஆவேன் என்கிறாள். பேரும் காசும் வருமா?
– வாசகி, திருவாரூர்

பதில்: காசு கல்யாண வீடியோவில் அதிகம் அம்மா, அதை மறைக்க மாட்டேன். பேருக்கு, மேலே சொன்ன ஸ்விலோவாவையே பாருங்கள். சிறுமியாக இருக்கும்போதே ஃபிலிம் வேலைக்கு வந்தவர். 1945-இல் ஆஷ்விட்ஸ் என்ற நாஜி வதைமுகாமைப் பற்றிய படத்தைத் தானே இயக்கினார். 1954-இல் கணவர் இறந்தபின் அவருடைய எழுத்துகளைக் கட்டிக்காத்தார். அப்பேர்ப்பட்டவருக்கு 1929 படத்தின் டைட்டிலில் கிடைத்தது ‘எடிட்டிங் உதவியாளர்’!

மகளைத் தடுக்காதீர்கள். சம்பளம் பேசும்போதே டைட்டிலில் என்ன போடுவீர்கள் என்பதையும் எழுதி வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள். படம் முடிந்தபின் கேட்டால் யாரும் தர மாட்டார்கள்.