சாக்லெட் முக்குவது: சுங்கை சிப்புட் அக்காவிடம் கேளுங்கள்

கே: அக்கா, தீபாவளி பிஸ்கட்டை டார்க் சாக்லெட்டில் முக்கினேன். மறுநாள் மேலே வெள்ளை வெள்ளையாக வரி. பூஞ்சணமா?

ப: இல்லைம்மா, தைரியமாகச் சாப்பிடலாம். சாக்லெட்டில் இருக்கும் கோகோ வெண்ணெய், அதாவது கோகோ விதையின் கொழுப்பு, ஆறு விதமாக உறையும். ஐந்தாவது விதத்தில்தான் பளபளப்பும் உடைக்கும்போது ‘டக்’கென்ற சத்தமும் வரும். உருக்கி அப்படியே முக்கினால் மற்ற விதங்கள் உறையும். அவை பிறகு மாறும்போது கொழுப்பு மேலே வந்து வெளுத்துவிடும்.

சாக்லெட்டைப் பொடியாக நறுக்கி, மூன்றில் ஒரு பங்கைத் தனியே வையுங்கள். மீதியை 45 டிகிரிக்கு உருக்கி இறக்கி, அந்தப் பங்கைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு, 31–32 வரும்வரை கிளறுங்கள். நல்லபடி உறைந்த சாக்லெட் அதில் விழுந்தால் மற்றதும் அதன் வழிக்கே வரும், தயிருக்கு உறைமோர் மாதிரி. பால் சாக்லெட் என்றால் 29–30, வெள்ளை என்றால் 28–29 வரை இறக்கவேண்டும். நம்மூர் மதிய வெக்கையில் இதெல்லாம் நடக்காது. ஏர்கோன் அறையில் செய்யுங்கள், இல்லையென்றால் விடியற்காலையில். கத்தி முனையில் தடவிப் பாருங்கள். ஏர்கோன் அறையில் ஐந்து நிமிடத்தில் உறைந்தால் முக்க ஆரம்பிக்கலாம்.

கே: கெட்டியாக இருந்தது, கொஞ்சம் தண்ணீர் ஊற்றினேன். மணல் மாதிரி ஆகிவிட்டது.

ப: ஒரு சொட்டுத் தண்ணீரே போதும், கெட்டுவிடும். அதில் சூடான பாலை நிறைய ஊற்றிக் குழம்பாக்கி ஐஸ்கிரீமுக்கு வைத்துக்கொள்ளுங்கள். இனி முக்க ஆகாது.

கே: கேமரன் மலை ஸ்ட்ராபெரி முக்கலாமா?

ப: முக்கலாம், துணியால் ஒற்றி ஈரம் போனபிறகு. தண்ணீர், தண்ணீர் என்று நான் கத்துவது இதற்குத்தான்.

கே: ஐஸ்பெட்டியில் வைத்தால் சீக்கிரம் உறையுமே?

ப: உறையும். வெளியே எடுத்ததும் வியர்க்கும், அந்த ஈரம் சர்க்கரையைக் கரைத்து மறுபடி வெள்ளை பூக்கும்.

கே: ஐஸ்பெட்டியில் ஒரு மணி நேரம் மட்டும்?

ப: இப்போதுதானே சொன்னேன், அந்தப் பதிலையே மறுபடி படியுங்கள்.

கே: காம்பவுண்ட் சாக்லெட் வாங்கினால் இந்தத் தொல்லையே இல்லையே!

ப: உண்மை. ஆனால் அது கோகோ வெண்ணெய்ச் சாக்லெட் இல்லை, அதற்குப் பதில் வேறு தாவரக் கொழுப்பு போட்டுச் செய்தது.

கே: செம்பனைத் தோட்டத்தில் பிறந்துவிட்டு நம்ம எண்ணெயை மட்டம் தட்டுறீங்களே, அக்கா? அதில் இருப்பது பாமாயில்தானே?

ப: தம்பி, பாமாயில் பழத்தின் சதையிலிருந்து வருவது. காம்பவுண்டில் பெரும்பாலும் போவது கொட்டைக்குள் இருக்கும் பருப்பின் எண்ணெய், அதுவும் பதப்படுத்தியது. நான் மட்டம் தட்டவில்லை. கோகோ வெண்ணெய்ச் சாக்லெட்டையும் காம்பவுண்டையும் கலக்காதீர்கள் என்கிறேன். கலந்தால் இளகும், நாளாக ஆக வெளுக்கும். பொட்டலத்தைத் திருப்பிப் பாருங்கள்: மலாயில் ‘மெந்தெகா கோகோ’ (கோகோ வெண்ணெய்) என்றிருந்தால் மேலே சொன்ன வேலை எல்லாம் உண்டு, ‘லெமாக் சாயுரான்’ (தாவரக் கொழுப்பு) மட்டும் என்றால் உருக்கி முக்கினால் போதும்.

கே: ருசியில் என்ன பெரிய வித்தியாசம்? பிள்ளைகளுக்குத் தெரியவா போகிறது?

ப: தெரியும். கோகோ வெண்ணெய் 34 டிகிரிக்குள் உருகும், நாக்கில் வைத்ததும் காணாமல் போகும். காம்பவுண்ட் பலவற்றில் மெழுகு ஒட்டுவதுபோல் மேலண்ணத்தில் தங்கும்.

கே: திருமண கேக்குக்கு…

ப: கேக் என் வேலை இல்லை, கேக் போடுகிறவரிடம் கேளுங்கள்.

கே: கடைசியாக, தீபாவளிக்கு நீங்க எதில் முக்குவீங்க?

ப: வீட்டுக்கு வருகிறவர்களுக்குக் கோகோ வெண்ணெய். ஈப்போ வெயிலில் காரில் போகிற பொட்டலத்துக்குக் காம்பவுண்ட்.