ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டர் எப்படி அவ்வளவு வேகமாக, அத்தனை வகைப் படங்களை எடுத்தார்?

போருக்குப் பிந்தைய மேற்கு ஜெர்மனியில், ஸ்டுடியோக்களின் பழைய பாணியை உதறிவிட்டு இளைஞர்கள் சிறிய செலவில் எடுத்த படங்களைத்தான் 'புதிய ஜெர்மன் சினிமா' என்கிறோம். அதில் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் (1945–1982) தனி ரகம். கேங்ஸ்டர் படம், வெஸ்டர்ன் (கௌபாய் பாணிப் படம்), கணினிக்குள் ஓர் உலகம் இருப்பதாகச் சொல்லும் 1973 டிவி படம், அப்புறம் 1980-ல் 14 பாகத் தொடர் என்று எதையும் விடவில்லை, 37 வயதில் இறப்பதற்குள் சுமார் 40 படைப்புகள்!

காரணம், மியூனிக் நாடகக் குழுவிலிருந்து கூடவே வந்த ஆட்களும், டிவி நிலையங்களும் அரசும் தந்த பணமும்தான். வருஷக்கணக்காகச் சேர்ந்தே கல்யாணச் சமையல் செய்கிற கோஷ்டி மாதிரி, யாருக்கும் எதையும் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை.

வேகமென்றால் அரைகுறையா? 'ஆலி: அச்சம் ஆன்மாவைத் தின்னும்' (1974) இரண்டே வாரத்தில் எடுத்ததுதான், ஆனால் துப்புரவு வேலை செய்யும் அம்மா மொராக்கோக்காரரை மணந்துகொண்டேன் என்றதும் மகன் பேசாமல் எழுந்து டிவியை உதைத்து உடைக்கிற காட்சியைப் பாருங்கள், வசனமே தேவைப்படவில்லை.

பழைய சினிமா செத்துவிட்டது என்று இளம் இயக்குநர்கள் அறிவித்து, இந்த அலையைத் தொடங்கிய 1962 ஓபர்ஹவுசன் அறிக்கையில் இவரும் கையெழுத்திட்டார் என்று பலர் நினைக்கிறார்கள், ஆனால் அப்போது அவருக்கு 16 வயதுதான்.